அறம் வைத்த பாட்டு: சொல்லால் கொல்லும் வித்தைக்குத் தமிழ் வகுத்த விதிகள்

மூன்றாம் நந்திவர்மன் கதையைத் தமிழ் படித்தவர்கள் எங்காவது கேட்டிருப்பார்கள். காஞ்சியை ஆண்ட பல்லவன். தெள்ளாற்றுப் போரில் பகைவரை முறியடித்ததால் 'தெள்ளாறெறிந்த நந்திவர்மன்' என்று பேர் வாங்கியவன். ஆட்சிக்காலம் சுமார் 846 முதல் 869 வரை. கதைப்படி, அரசுரிமையில் பங்கு கிடைக்காத தம்பி ஒருவன் அவனைக் கொல்ல நினைக்கிறான். படை திரட்டவில்லை, சோற்றில் நஞ்சு கலக்கவில்லை. உட்கார்ந்து தமிழ் படிக்கிறான். நூறு பாட்டுக்கு ஒரு கலம்பகம் (பல வகைப் பாட்டுகளைக் கலந்து தொடுக்கும் சிற்றிலக்கியம்) பாடி, அதற்குள் 'அறம்' வைக்கிறான். அதில் ஒரு பாட்டு எப்படியோ வெளியே வந்து நந்தியின் காதில் விழுகிறது. முழுவதையும் கேட்டே ஆகவேண்டும் என்று நிற்கிறான் அரசன். கேட்டால் உயிர் போகும் என்று பாடியவனே சொல்லியும் கேட்கவில்லை. அரண்மனையிலிருந்து சுடுகாடு வரை நூறு பந்தல் போடச் சொல்கிறான். பந்தலுக்கு ஒரு பாட்டாகக் கேட்டுக்கொண்டே நடந்து, கடைசிப் பாட்டைச் சிதைமேல் இருந்தபடி கேட்டு எரிந்து போகிறான்.

இங்கே அறம் என்பது தருமம் இல்லை. பாட்டுக்குள் ஒளித்து வைக்கிற கேடு. 'அறம் வைத்துப் பாடுவது', 'அறம் விழுந்துவிட்டது' என்றெல்லாம் புலவர் வழக்கில் பேச்சு உண்டு.

மாயக்கதை எழுதுகிறவர்கள் இப்போது தங்கள் உலகத்துக்கு விதிகளை வகுத்துக்கொண்டுதான் எழுதத் தொடங்குகிறார்கள். ஆற்றல் எங்கே இருந்து வருகிறது, யார் கையாளலாம், என்ன விலை, எங்கே போய் நின்றுவிடும் என்று கேட்டு எழுதிவைத்துக்கொள்கிறார்கள். சொல்லையும் எழுத்தையும் மட்டுமே ஆயுதமாகக் கொண்ட ஒரு மாய உலகத்துக்கு இந்தக் கேள்விகளை எல்லாம் கேட்டு, பதிலும் எழுதி, அந்தப் பதில்களோடு சண்டையும் போட்ட மரபு தமிழ்ப் புலவர் மரபு. அதில் என்னைப் பிடித்து நிறுத்துவது ஒன்று. கதைகளில் வேலை செய்யும் மாயம் வேறு, சிற்றிலக்கியங்களுக்கு இலக்கணம் சொல்லும் பாட்டியல் நூல்கள் விதித்த மாயம் வேறு. கதைகளில் வினைச்சொல் கொல்கிறது. நூல்களில் எழுத்து கொல்கிறது. இந்த இரண்டுக்கும் நடுவில் புலவனின் இடமே மாறிப்போகிறது.

நந்தியிடமே தொடங்கலாம். அந்தக் கலம்பகத்தோடு சேர்த்து எல்லாரும் சொல்லும் பாட்டு, 'வானுறு மதியை அடைந்ததுன் வதனம்' என்று தொடங்குவது. உன் முகம் நிலவைப் போய்ச் சேர்ந்தது, உன் புகழ் கடலுக்குள் புகுந்தது, வீரம் காட்டுப் புலியிடம் போனது, கொடுத்த கைகள் கற்பக மரத்திடம் போயின, திருமகள் திருமாலிடம் போய்விட்டாள், உன் உடம்பு நெருப்பில் புகுந்தது. நானும் என் வறுமையும் இனி எங்கே போவோம் என்று கேட்கிறது. உரிமையாளர் போனபின் சொத்தெல்லாம் பிறந்த இடத்துக்குத் திரும்புகிற மாதிரி அரசனின் ஒவ்வொரு சிறப்பும் கழன்று போகிறது. கடைசியில் மிஞ்சுவது புலவனும் அவன் பசியும்.

இதைக் கதையை மறந்துவிட்டுப் படித்தால் எப்படி இருக்கிறது? செத்துப்போன புரவலனுக்குப் பாடிய கையறுநிலை. அவ்வளவுதான். அடைந்தது, புகுந்தது என்று வினைகள் இறந்தகாலத்தில் நிற்கின்றன. நடந்து முடிந்ததைச் சொல்லி அழுகிற பாட்டு. ஆனால் அரசன் உயிரோடு இருக்கும்போதே இதைப் பாடினார்கள் என்று வைத்துக்கொண்டால் அந்த இறந்தகாலம் பயங்கரமாகிவிடுகிறது. இன்னும் நடக்காததை நடந்துவிட்டதாகச் சொல்கிறது. தமிழ் இலக்கணத்தில் இதற்கு இடமும் உண்டு. எதிர்காலத்தில் நடப்பதை விரைவு கருதி இறந்தகாலத்தால் சொல்லலாம் என்பது தொல்காப்பிய வினையியல் விதி. சாப்பிடக் கூப்பிட்டால் 'இதோ வந்துட்டேன்' என்று உட்கார்ந்த இடத்திலிருந்தே சொல்கிறோமே, அந்த வழக்குத்தான். அந்த இலக்கண விதியைச் சாவுக்குப் பொருத்தினால் மந்திரம் ஆகிறது.

கதை பிறந்த வழி இதுதான் என்று நினைக்கிறேன். இரங்கல் பாட்டு ஒன்று ஏட்டில் நின்றது. பின்னால் வந்தவர்கள் அதைச் சாவுக்குப் பின் வந்த பாட்டாகப் படிக்காமல் சாவைக் கொண்டுவந்த பாட்டாகப் படித்தார்கள். பந்தல் கணக்கும் கதை பின்னால் வந்தது என்பதைக் காட்டிக்கொடுக்கிறது. கலம்பகத்துக்குப் பாட்டு எத்தனை என்று பாட்டியல் நூல்கள் சொல்கின்றன: தேவர்க்கு 100, அந்தணர்க்கு 95, அரசர்க்கு 90, அமைச்சர்க்கு 70, வணிகர்க்கு 50, வேளாளர்க்கு 30. அரசனைப் பாடினால் தொண்ணூறோடு நிறுத்த வேண்டும். கதையோ நூறு பந்தல் போடுகிறது. நூறு என்பது தெய்வக் கணக்கு. கதை சொன்னவர்களுக்கு விதியைவிட முழு எண் பிடித்திருக்கிறது. ஆனாலும் 18ஆம் நூற்றாண்டில், தொல்காப்பியத்தையே துருவி ஆராய்ந்த மாதவச் சிவஞான முனிவர், தம் சோமேசர் முதுமொழி வெண்பாவில் நந்தி 'கலம்பகத்தால் மாண்டகதை நாடறியும்' என்று எழுதினார். அவ்வளவு தூரம் இந்தக் கதை வேரூன்றியிருந்தது.

சரி, இந்த நம்பிக்கை எவ்வளவு பழசு? புறநானூற்றின் 202ஆம் பாட்டைப் பார்க்க வேண்டும். பாரி இறந்தபின் அவன் மகளிரை அழைத்துக்கொண்டு கபிலர் இருங்கோவேளிடம் போகிறார். மணந்துகொள் என்கிறார். அவன் மறுக்கிறான். கபிலர் கோபத்தை அடக்கிக்கொண்டு ஓர் ஊரின் கதையைச் சொல்கிறார். கோடி கோடியாகப் பொருள் குவிந்த அரையம் என்ற பழைய ஊர், உன் முன்னோர் ஊர், அது கெட்டது எப்படித் தெரியுமா? உன்னைப் போலவே அறிவுள்ள உன் முன்னோன் ஒருவன், கழாத்தலை என்ற புலவர் புகழ்ந்து பாடிய செய்யுளை இகழ்ந்தான். அதன் பயன் அது. இவ்வளவும் சொல்லிவிட்டு, 'பாரி மகளிர் என்று நான் சொன்ன தெளிவில்லாத அற்பச் சொல்லைப் பொறுத்துக்கொள், நான் கிளம்புகிறேன், வெலீஇயர் நின் வேலே' என்று முடிக்கிறார். உன் வேல் வெல்லட்டும்!

வாழ்த்துத்தான். ஆனால் அரையத்தின் அழிவைச் சொன்ன வாயிலிருந்து வருகிற வாழ்த்து. இருங்கோவேள் அன்று ராத்திரி நிம்மதியாகத் தூங்கியிருப்பானா என்று ஒவ்வொரு முறை படிக்கும்போதும் தோன்றுகிறது.

இதில் எழுத்துக் கணக்கு ஏதும் இல்லை என்பதைக் கவனிக்க வேண்டும். கழாத்தலையார் எந்த எழுத்தில் தொடங்கினார், முதற்சீரில் என்ன இருந்தது என்ற பேச்சே கிடையாது. அவர் பாடியது வசையும் இல்லை, புகழ்ச்சி. அதை மதிக்காததுதான் குற்றம். ஆற்றல் புலவன் என்ற ஆளிடம் இருக்கிறது. பாண்டியன் நெடுஞ்செழியன் போருக்குப் போகுமுன் சொல்லும் வஞ்சினத்திலும் (புறநானூறு 72) இதே நிலைதான். பகைவரை வெல்லாவிட்டால் மாங்குடி மருதனைத் தலைவனாகக் கொண்ட புலவர்கள் என் நிலத்தைப் பாடாமல் விடட்டும், 'புலவர் பாடாது வரைக என் நிலவரை' என்கிறான். பாடினால் வரும் கேட்டைவிடப் பாடாமல் போவதே அவனுக்குப் பெரிய தண்டனை.

வரைக, வெலீஇயர். இரண்டும் வியங்கோள் வினை. வியங்கோள் என்பது தமிழில் விசித்திரமான வடிவம். வாழ்த்தவும் அதுதான், வையவும் அதுதான், வேண்டவும் அதுதான், கட்டளையிடவும் அதுதான். 'வாழ்க' என்றாலும் 'ஒழிக' என்றாலும் ஈறு ஒன்றே. பேசுகிறவன் யார், எந்த மனதோடு சொல்கிறான் என்பதை வைத்துத்தான் அது வரமா சாபமா என்று தீர்மானம் ஆகிறது. சொல்லால் ஆன மாயத்துக்கு இதைவிடப் பொருத்தமான கருவியை யாரும் கற்பனை செய்துவிட முடியாது.

தொல்காப்பியச் செய்யுளியல் மந்திரத்துக்கு வரையறை தருகிறது: 'நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த மறைமொழி தானே மந்திரம் என்ப.' சொல் நிறைந்த மனிதர், அவர் இடும் ஆணை, மறைவான மொழி. மூன்றும் சேர வேண்டும். முதலில் வருவது ஆள். பாட்டு, உரை, நூல், வாய்மொழி, பிசி, அங்கதம், முதுசொல் என்று ஏழு வகைச் செய்யுளைச் சொல்லும்போது மந்திரத்தை வாய்மொழி என்ற பேரில் அந்த வரிசையில்தான் வைக்கிறது. விடுகதைக்கும் வசைப்பாட்டுக்கும் பழமொழிக்கும் பக்கத்திலேயே மந்திரம். அதற்கென்று தனிக் கோயில் கட்டவில்லை. மந்திரமும் மொழியின் பயன்பாடுகளில் ஒன்று, அவ்வளவே.

அந்தச் சூத்திரத்துக்கு உரை எழுதும் பேராசிரியர் என்ற பழைய உரையாசிரியர் எடுத்துக்காட்டாக இரண்டு வெண்பாக்களைத் தருகிறார். நக்கீரர் பாடியவை என்கிறார். ஒன்று ஒருவனைச் சாகச் செய்தது, மற்றது எழுப்பியது. குயக்கோடன் என்ற வேட்கோ, அதாவது குயவன், ஆரியம் நன்று தமிழ் தீது என்று சொன்னானாம். முதல் வெண்பா 'ஆனந்தஞ் சேர்க சுவா' என்று முடிகிறது. ஆனந்தம் என்றால் இங்கே சாவு. அவன் விழுகிறான். இரண்டாவது வெண்பா அகத்தியனார் ஆணையால் 'செந்தமிழே தீர்க்க சுவா' என்று முடிய, எழுந்துவிடுகிறான். சேர்க, தீர்க்க. கொன்றதும் எழுப்பியதும் ஒரே வகை வினைதான். அந்தச் 'சுவா' வேள்வியில் வரும் சுவாகா. தமிழைக் காக்கப் பாடிய மந்திரம் வடமொழி வேள்வியின் முடிப்பைக் கூச்சமில்லாமல் எடுத்துப் போட்டுக்கொள்கிறது. மந்திரத்துக்கு வேண்டியது கனம். அது எங்கிருந்து வந்தாலும் சேர்த்துக்கொண்டிருக்கிறார்கள்.

பக்தி மரபுக்கு வந்தால் ஆற்றலின் இருப்பிடம் இடம்பெயர்கிறது. திருமறைக்காட்டில் அடைத்துக் கிடந்த கோயில் கதவைத் திறக்க அப்பர் பாடுகிறார். பதிகத்தின் கடைசிப் பாட்டு வரை கதவு அசையவில்லை. பதினோராம் பாட்டில் 'இரக்கம் ஒன்றிலீர்' என்று இறைவனையே கடிந்துகொண்ட பிறகுதான் திறந்ததாம். சம்பந்தர் மூட வேண்டும், முதற்பாட்டிலேயே மூடிக்கொண்டது. அப்பரின் தமிழில் குறை என்று யாரும் சொல்ல மாட்டார்கள். கதவு அவர் கையில் இல்லை, அதுதான் செய்தி. புலவன் கேட்கிறான், வேறொருவர் தருகிறார்.

மதுரையில் சமணரோடு நடந்த வாதத்தைச் சேக்கிழார் சொல்லும்போது எழுத்து நேரடியாகக் களத்துக்கு வருகிறது. அனல்வாதத்தில் ஏட்டையே நெருப்பில் இடுகிறார்கள். சம்பந்தர் தம் பதிகச் சுவடியில் கைக்கு வந்த இடத்தைப் பிரிக்க, திருநள்ளாற்றுப் பதிகமான 'போகமார்த்த பூண்முலையாள்' வருகிறது. அந்த ஏடு வேகவில்லை. புனல்வாதத்தில் 'வாழ்க அந்தணர்' என்று தொடங்கும் பாட்டை எழுதி வைகையில் விட, ஏடு வெள்ளத்தை எதிர்த்து ஏறித் திருவேடகத்தில் கரை சேர்கிறது. அந்தப் பாட்டின் நான்கு அடியில் வினைகளை மட்டும் உருவிப் பாருங்கள்: வாழ்க, வீழ்க, ஓங்குக, ஆழ்க, சூழ்க, தீர்க. முழுக்க வியங்கோள். அதிலும் 'வேந்தனும் ஓங்குக' என்று வந்ததால் பாண்டியனின் கூன் நிமிர்ந்தது என்கிறார் சேக்கிழார். பொதுவாக நாட்டு அரசன் உயர்க என்று வாழ்த்தும் சொல், எதிரே நிற்கும் ஒரு முதுகெலும்பில் போய்ப் பலிக்கிறது. தமிழ்ச் சொல்மாயக் கதைகளில் எனக்கு மிகவும் பிடித்த இடம் இது.

15ஆம் நூற்றாண்டுக்குக் காளமேகம் வருகிறார். காரைக்காலுக்குப் பக்கத்துத் திருமலைராயன்பட்டினம். அங்கே அரசவையின் தண்டிகைப் புலவர்களோடு (பல்லக்கு மரியாதை பெற்றவர்கள்) மோதி, யமகண்டம் என்ற ஆபத்தான போட்டியில் பாடி வென்றும் மரியாதை கிடைக்கவில்லை. கோபத்தில் ஒரு வெண்பா. ஊரைத் திட்டி, மழை அற்றுப்போய் 'மண்மாரி பெய்கவிந்த வான்' என்று முடிக்கிறார். ஊர் மண் மூடிப்போனது என்பது கதை. கடலோர ஊரில் மணல் ஏறுவது புதிதில்லை. ஆனால் மணல் ஏறியதற்குக் காரணமாக மக்கள் ஒரு வெண்பாவைச் சொல்லத் தயாராக இருந்தார்கள். இங்கேயும் 'பெய்க' என்ற வியங்கோள்தான். ஒளித்து வைத்தது ஏதும் இல்லை. வெளிப்படையான சாபம்.

இனிப் பாட்டியல் நூல்கள். இது வேறு உலகம்.

பன்னிரு பாட்டியல், குணவீர பண்டிதர் எழுதிய வெண்பாப் பாட்டியல், நவநீதப் பாட்டியல், பிறகு சிதம்பரப் பாட்டியல், இலக்கண விளக்கப் பாட்டியல் என்று ஒரு வரிசை இருக்கிறது. சிற்றிலக்கிய வகைகளுக்கு இலக்கணம் சொல்லும் நூல்கள். அவற்றில் பிரபந்தம் பாடத் தொடங்குமுன் பார்க்க வேண்டிய பத்துப் பொருத்தங்கள் வருகின்றன: மங்கலம், சொல், எழுத்து, தானம், பால், உண்டி, வருணம், நாள், கதி, கணம். கல்யாணத்துக்கு ஜாதகம் பார்க்கிற அதே முறையில், தலைவன் பேருக்கும் பாட்டின் முதற்சீருக்கும் பொருத்தம் பார்க்கிறார்கள். எல்லாவற்றையும் விளக்கினால் பஞ்சாங்கம் ஆகிவிடும். இரண்டு மூன்று போதும்.

மங்கலம் எளிது. திரு, பூ, பொன், மணி, நீர், திங்கள், உலகம், கடல், மலை, தேர் போன்ற நல்ல சொல்லால் தொடங்க வேண்டும். கம்பர் 'உலகம் யாவையும்' என்று எடுத்ததும், சேக்கிழார் 'உலகெலாம்' என்று எடுத்ததும், இளங்கோ 'திங்களைப் போற்றுதும்' என்று எடுத்ததும் இந்த வழக்கோடு ஒத்துப்போகின்றன. உண்டி என்பது எழுத்துக்குள் அமுதும் நஞ்சும். க, ச, த, ந, ப, ம, வ என்ற உயிர்மெய்களும் அ, இ, உ, எ என்ற குறில்களும் அமுத எழுத்து. யா, யோ, ரா, ரோ, லா, லோ, ளா, ளோ நச்செழுத்து, ஆய்தமும் அப்படித்தான். முதற்சீரில் நஞ்சு வரக்கூடாது.

தானம்தான் உண்மையில் கணக்கு. உயிர்களை ஐந்து கட்டாகப் பிரிக்கிறார்கள்: அ, ஆ ஒன்று, இ, ஈ, ஐ ஒன்று, உ, ஊ, ஔ ஒன்று, எ, ஏ ஒன்று, ஒ, ஓ ஒன்று. தலைவன் பேரின் முதல் எழுத்தில் எந்த உயிர் இருக்கிறதோ அந்தக் கட்டு பாலன். அங்கிருந்து வட்டமாக எண்ணினால் அடுத்தது குமரன், அடுத்தது இராசன், நான்காவது மூப்பு, ஐந்தாவது மரணம். முதல் மூன்றில் தொடங்கலாம். கடைசி இரண்டில் தொடங்கக்கூடாது. குலோத்துங்கனை எடுத்துக்கொள்ளுங்கள். 'கு'வில் இருப்பது உகரம். எனவே உகரம் பாலன், எகரம் குமரன், ஒகரம் இராசன், அகரம் மூப்பு, இகரம் மரணம். இப்போது 'திரு' என்று தொடங்கினால் என்ன ஆகும்? மங்கலச் சொற்களில் தலையாயது அது. ஆனால் தானப்படி குலோத்துங்கனுக்கு மரணத்தில் விழுகிறது. ஒரு வாய்ப்பாட்டில் வரம், இன்னொன்றில் சாவு. முதற் குலோத்துங்கனைப் பாடிய சயங்கொண்டார் கலிங்கத்துப்பரணியைப் 'புயல்வண்ணன்' என்று தொடங்குகிறார். பு, உகரம், பாலன். பொருந்துகிறது. ஆனால் ஐந்து கட்டில் மூன்று நல்லவை என்பதால் கண்ணை மூடிக்கொண்டு தொடங்கினாலும் பாதிக்கு மேல் தப்பித்துவிடலாம். அவர் தானம் பார்த்துத்தான் தொடங்கினார் என்று இந்த ஒரு பொருத்தத்தை வைத்துச் சொல்ல மாட்டேன்.

வருணப் பொருத்தத்தைப் பற்றி ஒரு வார்த்தை. உயிரெழுத்துகளும் க முதல் ண வரையான ஆறு மெய்களும் அந்தணருக்கு, த, ந, ப, ம, ய, ர அரசருக்கு, ல, வ, ற, ன வணிகருக்கு, மிச்சம் இருக்கும் ழவும் ளவும் நான்காம் வருணத்துக்கு. பதினெட்டு மெய்யில் இரண்டு. ழகரத்துக்குத் தமிழர்கள் இன்று கொடுக்கும் இடத்தை நினைத்தால் கசப்பாக இருக்கிறது. நெடுங்கணக்குக்குள்ளேயே சாதியைக் கொண்டுபோய் வைத்த இந்தப் பகுதியை ரசிக்க என்னால் முடியவில்லை.

பால் பொருத்தத்தில் பேச்சும் எழுத்தும் மோதிக்கொள்கின்றன. குறில் ஆண், நெடில் பெண், ஒற்றும் ஆய்தமும் அலி. தலைவன் ஆணென்றால் ஆணெழுத்து. நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் பனையோலையில் எழுதியவர்கள் பெரும்பாலும் புள்ளி வைப்பதில்லை. எகரமும் ஏகாரமும், ஒகரமும் ஓகாரமும் ஏட்டில் ஒரே வடிவம்தான். 'எ' என்று எழுதியிருப்பது ஆணா பெண்ணா என்று ஓலையைப் பார்த்துச் சொல்ல முடியாது. வாய்விட்டுப் படித்தால்தான் தெரியும். அதாவது எழுத்துப் பொருத்தம் என்று பேர் இருந்தாலும் இந்த மாயம் நடப்பது காதில். தானக் கணக்கில் குறிலும் நெடிலும் ஒரே கட்டில் சேர்ந்துவிடுவதால் அங்கே இந்தச் சிக்கல் எழுவதில்லை.

இங்கே ஆள் மறைந்துவிட்டான் என்பதுதான் முக்கியம். கபிலருக்கும் நக்கீரருக்கும் காளமேகத்துக்கும் கோபம் இருந்தது. சொல் அந்தக் கோபத்தின் கருவி. பாட்டியலில் கோபம் வேண்டாம், நோக்கம் வேண்டாம். அன்போடு பாடினாலும் தவறான எழுத்தில் தொடங்கினால் கேடு விளையும். நிறைமொழி மாந்தரின் ஆணை போய், வாய்ப்பாடு வந்துவிட்டது. ஏன் இப்படி ஆனது? ஊர் ஊராகப் போய் நிலக்கிழார்களையும் சிற்றரசர்களையும் பாடிப் பிழைக்க வேண்டிய காலத்தில், புலவன் தானே சாபம் கொடுக்கும் ஆள் இல்லை. பாடிய மறுமாதம் புரவலன் காய்ச்சலில் போனால் பழி அவன்மேல் விழும். பத்துப் பொருத்தமும் பார்த்துத்தான் பாடினேன் என்று சொல்ல ஒரு சாட்சி வேண்டும். புரவலன் பக்கத்திலும் பாட்டை நம்பி வாங்க ஓர் உறுதி வேண்டும். இரண்டு பேரின் பயத்துக்கும் நடுவில் இந்த நூல்கள் வளர்ந்தன என்பது என் எண்ணம். பழைய புலவனைக் கண்டு அரசன் பயந்தான். பாட்டியல் காலத்தில் புலவனே தன் பாட்டைக் கண்டு பயப்படுகிறான்.

இந்தப் பயத்தை அப்போதே ஒருவர் எதிர்த்தார். 14ஆம் நூற்றாண்டு மதுரை உரையாசிரியர் நச்சினார்க்கினியர். பத்துப்பாட்டில் கடைசிப் பாட்டு மலைபடுகடாம். பெருங்கௌசிகனார் நன்னனைப் பாடியது. அதில் மலைச்சாரலில் பூத்த காந்தளைச் சொல்லும்போது 'தீயி னன்ன ஒண்செங் காந்தள்' என்று ஓர் அடி வருகிறது. நெருப்பைப் போன்ற செங்காந்தள். இதில் என்ன தப்பு? ஆளவந்த பிள்ளை ஆசிரியர் என்ற ஒருவர் குற்றம் கண்டுபிடித்தார்: தீ என்ற சொல்லை அடுத்து நன்னன் பேர் வந்துவிட்டது, இது ஆனந்தக் குற்றம், இதனால் பாடியவரும் பாடப்பட்டவரும் இறந்தார்கள். நக்கீரரின் வெண்பாவில் பார்த்த அதே ஆனந்தம். இப்போது குற்றத்தின் பேராகிவிட்டது. அடியை எழுத்தாகப் பார்த்தால் நன்னன் அங்கே இல்லவே இல்லை. 'தீயின் அன்ன' என்பது சேர்ந்து ஒலிக்கும்போது 'னன்ன' என்று வருகிறது. னகரம் வேறு, நகரம் வேறு. காதுக்கு மட்டும் தீயின் பக்கத்தில் நன்னன் நிற்கிற மாதிரி கேட்கிறது. ஒரு புணர்ச்சி, இரண்டு சாவு. விலை பாடியவனுக்கும் உண்டு என்பது இந்தக் குற்றச்சாட்டில்தான் தெளிவாக வருகிறது.

நச்சினார்க்கினியர் விடவில்லை. அவர் அறியாமல் சொன்னார் என்கிறார். அவர் வாதம் இப்படிப் போகிறது: அப்படி ஒரு குற்றம் இருப்பது தெரியாமல் கௌசிகனார் பாடியிருந்தால் அவர் நல்லிசைப் புலவர் ஆகமாட்டார், அவர் பாட்டை மற்ற நல்லிசைப் புலவர் பாட்டுகளோடு சங்கத்தார் சேர்த்துக் கோத்திருக்கவும் மாட்டார்கள். கோத்திருக்கிறார்களே! ஆகவே குற்றம் இல்லை. அப்புறம், அகத்தியரும் தொல்காப்பியரும் சொல்லாத குற்றத்தைப் பின்னால் வந்தவர்கள் எப்படிச் சேர்க்கலாம் என்றும் கேட்கிறார். சொல்லுக்கு ஆற்றல் இல்லை என்று அவர் சொல்லவில்லை. எழுத்து தற்செயலாக அடுத்து வந்ததெல்லாம் ஆளைக் கொல்லாது என்கிறார். உ.வே. சாமிநாதையர் 1889இல் பத்துப்பாட்டை நச்சினார்க்கினியர் உரையோடு பதிப்பித்ததால் இந்தச் சண்டையை நாம் இன்று அச்சில் படிக்க முடிகிறது.

வாதத்தில் வென்றது அவர்தான். வழக்கத்தில் அவர் பேச்சு எடுபடவில்லை. அவருக்குப் பின் வந்த சிதம்பரப் பாட்டியலும் இலக்கண விளக்கப் பாட்டியலும் அதே பொருத்தங்களைத் திரும்பச் சொல்லின. பிள்ளைத்தமிழ் என்றும் உலா என்றும் கலம்பகம் என்றும் நூற்றுக்கணக்கில் பிரபந்தங்கள் பிறந்தபோது, முதற்சீரில் மங்கலமும் அமுதமும் பார்த்தே அவற்றுக்குக் காப்பு எழுதினார்கள்.